டேவ் கேலஹர் மீது சுமத்தப்பட்ட பழி

விளையாட்டு வீரரைப் புகழப் புகுவோர் அவர் பெற்ற வெற்றிகளை எண்ணிக் காட்டுவது வழக்கம். அவ்வாறு எண்ணுவோமாயின் டேவ் கேலஹரின் பெருமைக்குச் சான்று தேடி நாம் அலையவேண்டுவதில்லை. 1905-ஆம் ஆண்டில் நியூஜிலாந்திலிருந்து பிரிட்டிஷ் தீவுகளுக்குச் சென்ற ரக்பிக் குழுவின் தலைவர் அவர். முதலாட்டத்திலேயே டெவன் குழுவை 55-க்கு 4 என்ற கணக்கில் வென்ற அக்குழு, பிரான்ஸையும் வட அமெரிக்காவையும் கண்டு திரும்புவதற்குள் ஆடிய ஆட்டங்கள் 35, வென்றவை 34. 'ஆல் பிளாக்ஸ்' என்னும் பெயர் உலகறிய வழங்கத் தொடங்கியதும் அப்பயணத்திலேதான்.

இத்துணை வெற்றி பெற்ற தலைவரை ஆங்கிலப் பத்திரிகைகள் பல வஞ்சகர் என்றே எழுதின. ஆட்டக்களங்களிற் கூடியிருந்தோரும் அவரைக் கண்டவுடன் கூச்சலிட்டு இகழ்ந்தனர். அப்பழி நியாயமானதா என்பதே நாம் ஈண்டு ஆராயப் புகுந்தது.

ரக்பியை அறியாதார் பொருட்டுச் சிறிது விளக்குவோம். இருதிறத்து முன்னணி வீரரும் தோளோடு தோள் கோத்துக் குனிந்து ஒருவரையொருவர் நெருக்கி நிற்க, அவர்களிடையே பந்து இடப்படும். இதற்கு ஸ்கிரம் என்று பெயர். பிரிட்டிஷ் குழுக்கள் எண்மரைக் கோத்து நிறுத்தின. நியூஜிலாந்துக்காரரோ எழுவரையே நிறுத்தி, எட்டாமவரான கேலஹரை வெளியே நிற்கவிட்டனர். அவர் பந்தை உள்ளே இட்டபின் பின்வாங்காமல் ஸ்கிரம்மின் பக்கத்திலேயே நின்றுவிடுவார். பந்து பின்புறமாக வெளிப்பட்டு அவர்தம் துணைவர் கைக்குச் சேரும்போது, அதைப் பறிக்க ஓடிவரும் எதிரி கேலஹரைச் சுற்றிக்கொண்டே வரவேண்டும். இவ்விடத்துக்கு 'விங் பார்வர்டு' என்று பெயர். பந்துக்கு முன்னே நின்று எதிரியை மறிப்பது விதிக்கு மாறன்றோ என்றனர் ஆங்கிலேயர். யாம் எமக்குரிய இடத்தில் நிற்கின்றோம், எவரையும் மறித்திலேம் என்றனர் நியூஜிலாந்துக்காரர்.

நம் கருத்தை ஒளிக்காது கூறிவிடுகின்றோம். குறை கூறினோர் அவ்விடத்தைப்பற்றிக் கூறியது பெரும்பாலும் சரியே. 1930-களின் தொடக்கத்தில் விதிகள் திருத்தப்பட, நியூஜிலாந்தும் அம்முறையைக் கைவிட்டது. ஆயின் அம்மனிதரைப்பற்றி அவர்கள் கூறியது தவறு. அம்முறையைத் தோற்றுவித்தவர் அவரல்லர். அவர் நாட்டில் அது முன்னரே வழங்கிவந்தது. பயணம் முடிந்ததும், துணைத்தலைவர் பில்லி ஸ்டெடுடன் சேர்ந்து தம் ஆட்ட நுணுக்கம் அனைத்தையும் 1906-இல் ஒரு பெருநூலாக வெளியிட்டுவிட்டார். (பெரும்பகுதி ஸ்டெடின் எழுத்தே என்பர், அதனால் நம் வாதம் குன்றாது.) தன் சூதை அச்சிட்டு எதிரிக்கு விற்கும் வஞ்சகன் உண்டோ?

கப்பலில் நிகழ்ந்ததொன்றும் நோக்கத்தக்கது. கேலஹர் ஆக்லாந்துக்காரர், ஆட்சிக்குழு தானே தலைவரை நியமித்தது குறித்து வீரர் சிலர் முணுமுணுத்தனர். அதனை அறிந்த அவர் தலைமையைத் துறக்க முன்வந்தார். ஸ்டெடும் அவ்வாறே செய்தார். மேலாளர் டிக்ஸன் இசையவில்லை. பின்னர் வீரர் வாக்களித்தபோது 29 பேருள் 17 பேரே நியமனத்தை ஏற்றனர். அத்துணைக் குறைந்த ஆதரவோடு தொடங்கிய தலைமையன்றோ 34 வெற்றிகளைத் தந்தது!

இனி அவ்வொரு தோல்வி. 1905 டிசம்பர் 16-ஆம் நாள் கார்டிப் நகரில் வேல்ஸ் 3-க்கு 0 என வென்றது. நியூஜிலாந்து வீரர் பாப் டீன்ஸ், தாம் கோட்டைத் தாண்டிப் பந்தை ஊன்றியதாகவும், நடுவர் வந்து சேர்வதற்குள் எதிரிகள் தம்மைப் பின்னே இழுத்துவிட்டதாகவும் சாதித்தார். நடுவரோ ஓட்டத்தில் பின்தங்கியிருந்தவர். கேலஹரையும் அன்று பலமுறை தண்டித்தவர். பழி கூறத் தக்க காரணம் எவருக்கேனும் இருந்ததெனின் அன்று கேலஹருக்கே இருந்தது. அவரோ, சிறந்த குழுவே வென்றது என்றார். தாம் ஆடிய ஆட்டத்தின் நடுவரைப்பற்றிக் கருத்துரைப்பது தம் வழக்கமன்று என்றும் கூறிவிட்டார். வாரந்தோறும் வஞ்சகர் எனத் தூற்றப்பட்டவரின் விடை இது. அத்தோல்வியைப்பற்றிய வழக்கு இன்னும் ஓயவில்லை; அவர் வாய்மொழியை நினைப்போர் சிலரே.

அவர் 1873-இல் அயர்லாந்தின் டோனகால் கோட்டத்து ரமெல்டன் ஊரிற் பிறந்து, 1878-இல் பெற்றோருடன் நியூஜிலாந்துக்குக் குடியேறியவர். இளமையிலேயே தாயை இழந்தவர். தென்னாப்பிரிக்கப் போரிலும் சென்று பொருதவர். முதல் உலகப் போர் மூண்டபோது கட்டாயப் படைச்சேவையினின்று விலகி நிற்க அவருக்கு வயதும் குடும்பமும் காரணமாயிருந்தும், 1916-இல் தாமே பெயர் கொடுத்தார். 1917 அக்டோபர் 4-ஆம் நாள் பெல்ஜியத்தில், பாஷன்டேல் போரின்போது புண்பட்டு உயிர்நீத்தார். பாப்பரிங்க நகரருகே நைன் எல்ம்ஸ் இடுகாட்டில் அவர் கல்லறை உள்ளது. அதில் வயது 41 எனப் பொறித்துள்ளனர். உண்மையில் அவருக்கு 43. பிற்காலத்து ஆல் பிளாக்ஸ் வீரர் அங்குச் சென்று வணங்கி வருகின்றனர்.