வாடகை தண்டம், வட்டி மட்டும் சேமிப்பா?

"வாடகை தண்டம்ப்பா, அந்தக் காசைத் தவணையாகக் கட்டினால் வீடே சொந்தம்" என்று சொல்லாத சொந்தக்காரர் உண்டா? கொஞ்சம் கணக்குப் போடுவோம் மக்களே.

கடன் 30 லட்சம், வட்டி 9%, 20 வருடம். மாதத் தவணை 26,992 ரூபாய். முதல் மாதம் அதில் 22,500 வட்டிக்கே போய்விடும். அசலில் கழிவது வெறும் 4,492. கடைசியில் வட்டி மட்டும் 34.78 லட்சம்! வாடகை தண்டமென்றால் இதற்கு என்ன பெயர்?

அதையே 15 வருடத்தில் அடைத்தால் தவணை 30,428. மாதம் 3,436 கூடுதல், அவ்வளவுதான். மிச்சமோ 10 லட்சம்! விளம்பரத்தில் இதைப் போடமாட்டார்கள்.

மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைத்தால் அபராதம் போடக்கூடாதென்று ரிசர்வ் வங்கி 2012லேயே வங்கிகளுக்குச் சொல்லிவிட்டது. வீடு வாங்குங்கள், வேண்டாமென்று சொல்லவில்லை. தவணையை மட்டும் பார்க்காமல், மொத்தம் எவ்வளவு என்று கேட்டுவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.