முதுமொழிகளின் மூலம் எது?

சிலாவத்தைக் கடற்கரையில் வைகாசியில் எடுக்கப்படும் தீர்த்தம், முள்ளியவளைக் காட்டு விநாயகர் ஆலயத்தில் உப்புநீர் விளக்காக எரிந்து, பின்னர் வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் பொங்கலுக்குச் செல்வதை வன்னியில் அறியாதார் இலர். காரணம் கேட்டால், நந்திக்கடலோரம் மாடு மேய்த்த சிறுவரிடம் மூதாட்டியாக வந்த அம்மன், எண்ணெய் இல்லையென்று அவர்கள் கையை விரித்தபோது, கடல்நீரை வார்த்து விளக்கேற்றச் சொன்னாள் என்ற ஐதீகத்தைப் பெரியோர் பக்தி ததும்பச் சொல்வர். கதையிலிருந்து சடங்கு பிறந்ததா, முன்னரே நிலவிய சடங்குக்குக் கதை பின்னர் வாய்த்ததா என வினவுவது அம்மனுக்கு அபசாரமாகாது. ஐதீகம் மக்களின் நம்பிக்கைக்குச் சாட்சி, காலத்துக்குச் சாட்சியன்று.

இந்த நிதானம் பழமொழிகளின் விஷயத்திலும் நமக்கு வேண்டும். 'ஆயிரம் பேரைக் கொன்றவன் அரை வைத்தியன்' என்பது 'வேரைக் கொன்றவன்' என்பதன் திரிபென்றும், ஆற்றில் இறங்க நம்பக்கூடாத 'மண் குதிரை' உண்மையில் மணல்மேட்டைக் குறிக்கும் 'மண் குதிர்' என்றும் இன்று மேடைதோறும் முழங்குகிறார்கள். ஐயனாருக்குச் சுடுமண் புரவி எடுத்த சமூகம், நீரில் கரையும் மண் குதிரையைச் சொல்லியிருக்கலாகாதா? அரைகுறை வைத்தியனால் துன்புற்ற ஏழைக் குடியானவன் வயிறெரிந்து சொல்லியிருக்கக்கூடிய பரிகாசத்தை, மூலிகை உபதேசமாகத் திருத்துவதற்கு நமக்கு என்ன அதிகாரம்? யாழ்ப்பாணத்தில் பணியாற்றிய பாதிரியார் பேர்சிவல் 1843இல் வெளியிட்ட 'திருட்டாந்த சங்கிரகம்', 1874இல் சென்னையில் ஆறாயிரத்துக்கு மேற்பட்ட பழமொழிகளோடு அவர் அச்சிட்ட திரட்டு ஆகியவற்றைப் புரட்டி, எந்த வடிவம் முந்தியதெனப் பாராமல் திரிபென்று தீர்ப்புரைப்பது அறிவுக்குப் பொருந்தாது.

அச்சேறாத வாய்மொழியின் நிலையோ இன்னும் பரிதாபம். 2009 வரை நீண்ட யுத்தத்தில் ஊரோடு ஊர் பெயர்ந்த வன்னியில், வயலிலும் காட்டிலும் களப்பிலும் உழைத்து வாழ்ந்த மூத்தோர் பலர், தம் சொல்லை எவரும் எழுதிவைக்கு முன்னரே மறைந்துவிட்டனர். எஞ்சியிருப்போரிடம் நம் பாடசாலை மாணவர் சென்று, ஒவ்வொரு பழமொழியையும் சொன்னவரின் ஊர், தொழில், சொன்ன சந்தர்ப்பம் ஆகியவற்றோடு சேர்த்து எழுதிக்கொள்ள வேண்டும். மூலம் தெரியாத இடத்தில் தெரியவில்லை என்றே குறித்துவிட வேண்டும். அழகான காரணத்தைக் கற்பித்து அந்த இடத்தை நிரப்புவது, முன்னோரின் பெயரால் நம் சொந்தச் சொல்லைப் பிள்ளைகளுக்குப் புகட்டுவதேயாகும்.