விலகிக்கொள்வதே நல்லது என்னும் வாதம்

திருகோணமலைப் பட்டினத்திலும், கொட்டியாரக் குடாவுக்கு அப்பால் மூதூர் முதல் இலங்கைத்துறை முகத்துவாரம் வரையுள்ள கிராமங்களிலும், பிரிந்து வாழும் தம்பதிகளின் பிள்ளைகளைப் பற்றிப் பேச்செழும்போதெல்லாம், உறவினரும் ஊர்ப்பெரியவர்களும், சிற்சில வேளை படித்தவர்களுங்கூட, ஓர் அபிப்பிராயத்தை முடிந்த முடிபாக எடுத்துரைக்கின்றனர். பிள்ளை எவர் கையில் இருக்கிறதோ அவரே வளர்க்கட்டும். மற்றவர் வந்து வந்து போனால் பிள்ளையின் மனந்தான் குழம்பும். ஆகையால் அவர் விலகிக்கொள்வதே யாவர்க்கும் நல்லது என்பதே அது. கேட்பதற்குச் சாந்தமாகவும் அனுபவ முதிர்ச்சியுடையதாகவும் தோன்றும் இவ்வபிப்பிராயம் நான்கு வாதங்களின்மேல் நிற்கிறது. அவற்றை ஒவ்வொன்றாகப் பரிசீலிப்போம்.

முதலாவது, எந்தக் கோட்டுக்குப் போனாலும் பிள்ளை தாயிடந்தான் சேரும், சட்டமே அப்படித்தான் என்பது. கிழக்கிலங்கையில் வீடு சீதனமாகப் பெண்ணுக்கே எழுதப்படுவது பெருவழக்காதலின், பிணக்கு முற்றிய அன்று உடுப்புப் பையோடு படியிறங்குபவன் பெரும்பாலும் கணவனாகவே இருக்கிறான்; பிள்ளை தாயோடும் அம்மம்மாவோடும் அவ்வீட்டிலேயே தங்கிவிடுகிறது. இந்த வழக்கத்தையே ஜனங்கள் சட்டமென்று மயங்குகின்றனர். ஒல்லாந்தர் விட்டுச்சென்று ஆங்கிலேயர் தொடர்ந்து பேணிய ரோமன் டச்சுச் சட்டமோ, விவாகம் நிலைத்திருக்கும் காலத்தில் தகப்பனையே இயற்கைப் பாதுகாவலனாகக் கொண்டு, அவனுக்கே முதற்பாத்தியதை அளித்தது. இங்கிலாந்திலும் ஏழு வயதுக்குட்பட்ட குழந்தையைத் தன்னிடம் தருமாறு தாய் நீதிமன்றத்தில் விண்ணப்பிக்கும் உரிமை 1839 ஆம் ஆண்டுச் சட்டத்தினாலேயே வந்தது. தாயின் உரிமையும் தகப்பனின் உரிமையும் இவ்வாறு பல காலம் மல்லுக்கட்டியபின், இலங்கை நீதிமன்றங்கள் இரண்டையும் பின்னே தள்ளிப் பிள்ளையின் நலனை முன்னே வைத்தன. 2007 ஆம் ஆண்டின் 56 ஆம் இலக்கச் சட்டம் அதனை எழுத்திலேயே பொறித்தது. கிண்ணியாவிலும் மூதூரிலும் முஸ்லிம்களின் விவாகரத்தைக் காதி நீதிமன்றம் விசாரித்தாலும், பிள்ளையின் பொறுப்பைத் தீர்மானிப்பது மாவட்ட நீதிமன்றமே. இளம்பிராயத்தில் தாய்க்கும் அவளுக்குப்பின் தாயின் தாய்க்கும் முதலிடம் தரும் முஸ்லிம் சட்டத்தோடு பிள்ளையின் நலனையும் சேர்த்தே அது சீர்தூக்குகிறது. ஆகவே, பிள்ளை இன்னாருக்கே என்று முன்கூட்டி எழுதிவைத்த விதி எங்கும் இல்லை.

இரண்டாவது, செலவுக்குக் காசு கட்டாதவனுக்குப் பிள்ளையைக் காட்ட வேண்டியதில்லை என்பது. இதன் மறுபுறமாக, பிள்ளையைக் காட்டாதவளுக்கு நான் ஏன் காசு கட்டவேண்டும் என்று கணவனும் கேட்கிறான். இரண்டும் ஒரே பிழையின் இரு முகங்கள். தாபரிப்பு வழக்கு பொதுவாக 1999 ஆம் ஆண்டின் 37 ஆம் இலக்கச் சட்டத்தின்படி நீதவான் நீதிமன்றத்தில் நடப்பது. பணம் கட்டத் தவறுபவனது சம்பளத்தைப் பற்றவும், அவனைச் சிறையிடவும் அங்கே அதிகாரமுண்டு. பிள்ளையைப் பார்க்கும் ஒழுங்கோ மாவட்ட நீதிமன்றத்தின் காரியம். பசிக்குச் சோறும் பார்ப்பதற்குத் தகப்பனும் பிள்ளைக்குரிய இரண்டு தனித்தனிப் பாத்தியதைகளாயிருக்க, ஒன்று கிடைக்கவில்லையென்று மற்றொன்றையும் பறிப்பது, பெரியவர் செய்த குற்றத்துக்குப் பிள்ளையை இருமுறை தண்டிப்பதாகும்.

மூன்றாவது, பிள்ளையை விட்டுவிட்டு வெளிநாடு போன தாய்க்கு இனி அதில் என்ன உரிமை என்பது. வீட்டுப்பணிப்பெண்ணாக மத்திய கிழக்குக்குச் சென்ற தாய்மாரின் பிள்ளைகள் இம்மாவட்டத்தில் அநேகர். அவர்களை வளர்ப்பவர் அம்மம்மா, அனுப்பும் காசில் சாப்பாடும் ரியூஷனும் நடக்கின்றன. திரும்பி வந்த தாய் தன் பிள்ளையைக் கேட்கும்போது மட்டும், அவள் போனது கைவிடுதலாக மாறிவிடுகிறது. அதே நாடுகளுக்குப் போன தகப்பனை எவரும் அப்படிச் சொல்வதில்லை. ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளையுள்ள தாயின் பயணத்தைத் தடுத்து 2013 இல் அரசாங்கம் கொண்டுவந்த குடும்பப் பின்னணி அறிக்கை முறையும் இந்த ஒருபக்க நியாயத்துக்கே வலுச்சேர்த்தது. நீதிமன்றம் கேட்க வேண்டிய கேள்வி யார் போனார் என்பதன்று. இப்போது பிள்ளையை யார் கவனிக்கிறார், அதன் பாடசாலையும் உறக்கமும் யார் கையில் குலையாமல் இருக்கும், தாயோடு அதற்குள்ள பாசத்தை எப்படி மீட்டுக்கொடுப்பது என்பவையே.

நான்காவது வாதமே வலியது. பிள்ளையே வேண்டாமென்கிறது, சந்திப்பு முடிந்த அன்றிரவு அழுகிறது, ஆகவே நிறுத்திவிடுவோம் என்பது அது. பிள்ளையின் சொல்லைக் கேட்கத்தான் வேண்டும். இலங்கை 1991 இல் ஏற்றுக்கொண்ட சிறுவர் உரிமைச் சமவாயத்தின் 12 ஆம் உறுப்புரை அதனையே வற்புறுத்துகிறது. ஆனால் அதே சமவாயத்தின் 9 ஆம் உறுப்புரை, பெற்றோரில் ஒருவரைப் பிரிந்த பிள்ளை இருவரோடும் ஒழுங்கான தொடர்பு பேணும் உரிமையையும் சொல்கிறது. நீதிமன்ற வளாகத்தின் வாங்கு ஒன்றில் தகப்பன் நீட்டும் பிஸ்கட் பக்கற்றை வாங்குமுன், தாயின் முகத்தை ஒருதரம் ஏறிட்டுப் பார்த்து, அங்கே தெரிவதற்கேற்பக் கையை நீட்டவோ மடக்கவோ செய்யும் ஐந்து வயதுப் பிள்ளையின் ‘வேண்டாம்’ யாருடையது? இதனை அறியவே நீதிபதி தம் அறைக்கழைத்துத் தனியே பேசுகிறார். நன்னடத்தை உத்தியோகத்தர் வீட்டுக்கும் பாடசாலைக்கும் போய் அறிக்கை எழுதுகிறார். இரவில் வரும் அழுகைக்குக் காரணம் சந்திப்பாகவும் இருக்கலாம், சந்திப்பு முடிந்ததாகவும் இருக்கலாம்; விசாரியாமல் முதலதையே தேர்ந்துகொள்வது பெரியவர்களின் சௌகரியம்.

அடியும் உதையும் குடியும் நிறைந்த வீட்டிலிருந்து தப்பிவந்த பிள்ளைக்கு இவையெல்லாம் பொருந்துமா எனக் கேட்பாருளர். பொருந்தா, 2005 ஆம் ஆண்டின் 34 ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் அதற்காகவே உள்ளது. அபாயம் மெய்யெனில் சந்திப்பு மேற்பார்வையோடு நடக்கவோ, அடியோடு நிற்கவோ வேண்டும். ஆயினும் அது சாட்சியத்தால் நிறுவப்பட வேண்டிய விதிவிலக்கு; அதனைப் பொதுவிதியாக்கி, சாதாரணக் கோபதாபங்களோடு பிரிந்த எல்லாத் தகப்பன்மாரையும் தாய்மாரையும் அதற்குள் அடைப்பது நியாயமன்று.

ஆகவே ‘விலகிக்கொள்’ என்னும் புத்திமதிக்குப் பதிலாக ஊர்ப்பெரியவர்கள் செய்யத்தக்கது ஒன்றுண்டு. கட்டளையில் ‘நியாயமான முறையில் பார்க்கலாம்’ என்று மொட்டையாக எழுதிக்கொண்டு வீடு திரும்பாமல், எந்தக் கிழமை, எத்தனை மணி, எந்த இடம், ஈச்சிலம்பற்றிலிருந்து பட்டினத்துக்குப் பிள்ளையை யார் கூட்டிவருவது, பஸ் செலவு யாருடையது, தைப்பொங்கலும் பெருநாளும் யாரோடு, தொலைபேசி எந்நேரம் என்பவற்றைச் சட்டத்தரணிகள் மூலம் எழுத்தில் கேட்கும்படி இரு பக்கத்தாருக்கும் சொல்லட்டும். இவை எழுதப்படாத இடத்தில் ஒவ்வொரு சனிக்கிழமையும் ஒரு புதிய வழக்காகும். எழுதப்பட்ட இடத்தில், ஒருவரையொருவர் வெறுக்கும் இருவருங்கூடப் பிள்ளைக்கு ஒழுங்கான பெற்றோராயிருக்க இயலும்.