பதிவிறக்கம் தொடங்கினால் பணம் திரும்பாதா? டிஜிட்டல் வீடியோ கேம் வாங்குவோருக்குச் சட்டம் சொல்வது என்ன

பெங்களூரு: கன்சோலில் வாங்கிய டிஜிட்டல் வீடியோ கேமைப் பதிவிறக்கத் தொடங்கிவிட்டால் பணத்தைத் திரும்பக் கேட்க முடியாது என்று வாங்குவோர் பலரும் நம்புகின்றனர். ஆனால் அது நாட்டின் சட்டம் அன்று. விற்பனை நிறுவனம் தனக்காக வகுத்துக்கொண்ட கொள்கை. வாங்கியவர் வெறுமனே மனம் மாறினால் அந்தக் கொள்கையே இறுதியானது. வாங்கிய கேமில் குறைபாடு இருந்தால் நிலைமை வேறு. இவ்விரண்டுக்கும் இடையிலான வேறுபாட்டை அறியாததால், கேட்டுப் பெறக்கூடிய தொகையையும் பலர் கைவிட்டுவிடுகின்றனர்.

இந்தியாவில் வீடியோ கேம் தொழிலின் முக்கிய மையங்களுள் ஒன்று பெங்களூரு. 1997-ஆம் ஆண்டு இங்குத் தொடங்கப்பட்ட துருவா இன்டராக்டிவ் நிறுவனத்தை, 'கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ' கேம்களை உருவாக்கும் ராக்ஸ்டார் நிறுவனம் 2019-இல் தன்னுடன் இணைத்துக்கொண்டது. கேம்களை உருவாக்கும் இந்நகரிலேயே அவற்றை வாங்குவோரும் ஏராளம். மெஜஸ்டிக் பகுதியிலுள்ள நேஷனல் மார்க்கெட் போன்ற இடங்களில், விளையாடி முடித்த டிஸ்க்கை விற்றுவிட்டு வேறொன்றை வாங்குவது பழகிய வழக்கம். வாங்கிய கேம் ஏமாற்றம் அளித்தாலும் போட்ட பணத்தில் ஒரு பகுதியாவது அவ்வழியே திரும்பும்.

டிஜிட்டல் விற்பனை அந்த வழியை அடைத்துவிட்டது. டிஸ்க் செலுத்தும் வசதியே இல்லாத கன்சோல்களும் சந்தையில் உள்ளன. அவற்றை வைத்திருப்பவர் கேமை மறுவிற்பனை செய்யவோ நண்பருக்கு இரவல் தரவோ இயலாது. புதிதாக வரும் பெரிய கேம் ஒன்றின் விலை 5,000 ரூபாயை ஒட்டியுள்ள நிலையில், பணம் திரும்பக் கிடைப்பது முழுவதும் நிறுவனத்தின் முடிவையே சார்ந்துள்ளது.

நிறுவனங்களின் கொள்கை

சோனியின் பிளேஸ்டேஷன் ஸ்டோரில் வாங்கிய கேமுக்கு, பணம் செலுத்திய நாளிலிருந்து 14 நாள்களுக்குள் பணத்தைத் திரும்பக் கோரலாம். ஆனால் பதிவிறக்கமோ இணையவழி ஓட்டமோ தொடங்கியிருக்கக் கூடாது. கேமுக்குள் பயன்படுத்தித் தீர்க்கும் நாணயங்கள், பொருள்கள் ஆகியவை கணக்கில் சேர்ந்த பின் திரும்பப் பெறப்படுவதில்லை. முன்பதிவு செய்த கேமை வெளியீட்டுக்கு முன் ரத்து செய்ய இடமுண்டு.

மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸில் அணுகுமுறை சற்று நெகிழ்வானது. பதிவிறக்கம் செய்து சிறிது நேரம் விளையாடியிருந்தாலும், 14 நாள்களுக்குள் கோரிக்கை அளித்தால் அது பரிசீலிக்கப்படும். நீண்ட நேரம் விளையாடியிருந்தால் மறுக்கப்படலாம். கணினிக் கேம்களை விற்கும் ஸ்டீம் தளத்தில் அளவுகோல் வெளிப்படையானது: வாங்கி 14 நாள்களுக்குள், 2 மணி நேரத்துக்குக் குறைவாக விளையாடியிருக்க வேண்டும். நிண்டெண்டோ தனது டிஜிட்டல் விற்பனையைப் பொதுவாக இறுதியானதாகவே கருதுகிறது.

பதிவிறக்கத்தை எல்லைக்கோடாக வைப்பதில் ஓர் அடிப்படைச் சிக்கல் உள்ளது. கேம் சரியாக இயங்குகிறதா என்பதை அதைப் பதிவிறக்கி இயக்கிப் பார்த்தால்தான் அறிய முடியும். இயக்கிப் பார்த்தாலோ, கொள்கையின்படி பணத்தைக் கோரும் வாய்ப்பு பறிபோகிறது. கன்சோலில் தானியங்கிப் பதிவிறக்க வசதி இயங்கிக்கொண்டிருந்தால், வாங்கியவர் எதையும் தொடாமலேயே அந்த எல்லை கடக்கப்பட்டுவிடும்.

கொள்கை வளைந்த தருணங்கள்

எனினும் இக்கொள்கை மாற்ற முடியாதது அன்று. 2020 டிசம்பர் 10-ஆம் தேதி வெளியான 'சைபர்பங்க் 2077' கேம், பழைய கன்சோல்களில் அடிக்கடி நின்றுபோனது, காட்சிகள் சிதைந்தன. உலகெங்கும் புகார்கள் குவிந்த நிலையில், வெளியான எட்டே நாள்களில் சோனி அதைத் தன் கடையிலிருந்து நீக்கியதுடன், பதிவிறக்கி விளையாடியவர்களுக்கும் முழுத் தொகையைத் திருப்பித் தருவதாக அறிவித்தது. குறைகள் சரிசெய்யப்பட்ட பின் 2021 ஜூனில்தான் அந்தக் கேம் மீண்டும் கடைக்கு வந்தது.

2024 ஆகஸ்ட் 23-ஆம் தேதி வெளியான சோனியின் சொந்தத் தயாரிப்பான 'கான்கார்ட்' போதிய வரவேற்பைப் பெறாததால், செப்டம்பர் 6-ஆம் தேதி நிறுத்தப்பட்டது. வாங்கிய அனைவருக்கும் பணம் திருப்பித் தரப்பட்டது.

இரு நிகழ்வுகளிலும் பணத்தைத் திருப்பித் தருவதற்குத் தொழில்நுட்பத் தடை ஏதும் இருக்கவில்லை. ஆனால் அவற்றில் தொகை கிடைத்தது நிறுவனத்தின் முடிவால். வாங்கியவரின் உரிமை என்ற அடிப்படையில் அன்று. உலகளாவிய எதிர்ப்பு எழாத ஒரு கேமை வாங்கி ஏமாந்த தனிநபருக்கு அத்தகைய முடிவு கிடைக்கும் என்பதற்கு உறுதியில்லை.

ஆஸ்திரேலியத் தீர்ப்பு

இதை உரிமை என்று நிலைநாட்டிய நாடு ஆஸ்திரேலியா. பதிவிறக்கம் செய்துவிட்டதாலோ 14 நாள்கள் கடந்துவிட்டதாலோ பணத்தைத் திருப்பித் தர வேண்டியதில்லை என்று, குறைபாடுள்ள கேம்களை வாங்கிய நான்கு வாடிக்கையாளர்களிடம் சோனியின் ஐரோப்பியப் பிரிவு கூறியிருந்தது. அந்நாட்டு நுகர்வோர் ஆணையம் தொடர்ந்த வழக்கில், இது வாடிக்கையாளர்களைத் தவறாக வழிநடத்தும் செயல் என்று கூட்டாட்சி நீதிமன்றம் 2020 ஜூனில் அறிவித்து, 35 லட்சம் ஆஸ்திரேலிய டாலர் அபராதம் விதித்தது. இதற்கு முன் 2016-இல் ஸ்டீம் தளத்தை நடத்தும் வால்வ் நிறுவனத்துக்கும் 30 லட்சம் ஆஸ்திரேலிய டாலர் அபராதம் விதிக்கப்பட்டிருந்தது.

ஐரோப்பிய ஒன்றியம் இரண்டு உரிமைகளையும் தனித்தனியே கையாள்கிறது. மனம் மாறித் திருப்பித் தரும் உரிமை, வாங்குபவரின் ஒப்புதலுடன் பதிவிறக்கம் தொடங்கியதும் முடிவடைகிறது. குறைபாட்டுக்கான உரிமை அதன் பிறகும் தொடர்கிறது. 2022 ஜனவரி 1 முதல் நடைமுறையிலுள்ள டிஜிட்டல் உள்ளடக்க விதிகளின்படி, சரிசெய்தல், விலைக் குறைப்பு, ஒப்பந்தத்தை முறித்துப் பணத்தைத் திரும்பப் பெறுதல் ஆகிய தீர்வுகளை வாங்கியவர் கோரலாம். பிரிட்டனின் 2015-ஆம் ஆண்டு நுகர்வோர் உரிமைச் சட்டத்திலும் டிஜிட்டல் உள்ளடக்கத்துக்குத் தனி அத்தியாயம் உள்ளது.

இந்தியச் சட்டத்தின் நிலை

இந்தியாவின் 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் அத்தகைய தனி அத்தியாயம் இல்லை. வாங்கிய பின் காரணமின்றித் திருப்பித் தருவதற்கான பொது உரிமையும் இல்லை. எனவே, கேம் பிடிக்கவில்லை என்பதற்காகப் பணத்தைத் திரும்பக் கோருபவருக்கு நிறுவனத்தின் கொள்கையைத் தவிர வேறு ஆதாரம் கிடையாது.

குறைபாடு இருப்பின் சட்டம் துணை நிற்கிறது. குறையுள்ள பொருளைத் திரும்பப் பெறவோ, குறையுள்ள சேவையை நிறுத்தவோ, அதற்கான தொகையைத் திருப்பித் தரவோ மறுப்பது முறையற்ற வணிக நடைமுறை என்று இச்சட்டம் கூறுகிறது. ரசீதில் காலவரையறை இல்லையெனில் 30 நாள்களுக்குள் தொகையைத் தர வேண்டும்.

2020 ஜூலை 23-ஆம் தேதி அறிவிக்கப்பட்ட மின்வணிக விதிகள் டிஜிட்டல் பொருள்களுக்கும் பொருந்தும் என்பது அவற்றிலேயே தெளிவாகக் குறிப்பிடப்பட்டுள்ளது. இந்தியாவில் நிறுவப்படாவிட்டாலும், இந்திய நுகர்வோருக்குத் தொடர்ந்து பொருளோ சேவையோ அளிக்கும் வெளிநாட்டு நிறுவனங்களையும் அவை கட்டுப்படுத்துகின்றன. விளம்பரப்படுத்திய தன்மைகள் இல்லாத பொருளுக்குப் பணத்தைத் திருப்பித் தர விற்பனையாளர் மறுக்கக் கூடாது. குறைதீர்ப்பு அலுவலர் 48 மணி நேரத்துக்குள் புகாரைப் பெற்றுக்கொண்டதை உறுதிசெய்து, ஒரு மாதத்துக்குள் தீர்வு காண வேண்டும்.

'விற்கப்படுவது கேம் அன்று, அதைப் பயன்படுத்தும் உரிமம் மட்டுமே' என்பது நிறுவனங்களின் ஒப்பந்தங்களில் வழக்கமாக இடம்பெறும் வாசகம். உரிமம் பொருளாகுமா என்ற கேள்வி வரி வழக்குகளில் எழுந்துள்ளது. பெங்களூரைச் சேர்ந்த இன்ஜினியரிங் அனாலிசிஸ் சென்டர் நிறுவனத்தின் வழக்கில், இறுதிப் பயனருக்கு உரிம ஒப்பந்தத்தின் வழியே மென்பொருள் வழங்கப்பட்டாலும் அதற்கான கட்டணம் பொருளின் விலையே தவிர, பதிப்புரிமைக்கான உரிமத்தொகை ஆகாது என்று உச்ச நீதிமன்றம் 2021 மார்ச் 2-ஆம் தேதி தீர்ப்பளித்தது. கர்நாடக உயர் நீதிமன்றம் முன்னர் எடுத்திருந்த மாறுபட்ட நிலைப்பாட்டை அது ஏற்கவில்லை.

அத்தீர்ப்பு வருமான வரி தொடர்பானது. நுகர்வோர் வழக்குக்கு நேரடியாகப் பொருந்தும் என்று கொள்ள இயலாது. எனினும் ஒப்பந்தத்தில் உள்ள பெயரை மட்டும் பார்க்காமல் பரிவர்த்தனையின் உள்ளியல்பை ஆராய வேண்டும் என்ற அணுகுமுறை வாங்குபவருக்குச் சாதகமானது. கேமைப் பொருளாகக் கருதாவிட்டாலும், 'சேவை' என்பதற்கான சட்ட விளக்கத்தில் பொழுதுபோக்கும் அடங்கும் என்பதால் புகாருக்கான வழி அடைபடுவதில்லை.

பெங்களூரில் புகார் அளிப்பது எப்படி

நிறுவனம் எங்கிருந்தாலும், வாங்கியவர் தாம் வசிக்கும் அல்லது பணிபுரியும் மாவட்டத்திலேயே புகார் அளிக்கலாம். பெங்களூருவாசி ஒருவர் பெங்களூரு நகர மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்தை அணுகலாம். 5 லட்சம் ரூபாய் வரையிலான கொள்முதலுக்குப் புகார்க் கட்டணம் இல்லை. வழக்கறிஞர் கட்டாயமில்லை. 2025 ஜனவரி முதல் இயங்கும் இ-ஜாக்ருதி தளம் வழியாகவும் மனு அளிக்கலாம். பிரச்சினை எழுந்த நாளிலிருந்து 2 ஆண்டுகளுக்குள் புகார் பதிவாக வேண்டும்.

தகராறுகளை நடுவர் மன்றத்தில்தான் தீர்த்துக்கொள்ள வேண்டும் என்று ஒப்பந்தம் கூறினாலும், அது நுகர்வோர் ஆணையத்தின் அதிகாரத்தைத் தடுக்காது என்பதை எமார் எம்ஜிஎஃப் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2018 டிசம்பரில் உறுதிப்படுத்தியுள்ளது.

ஆனால் ஒரு வரம்பு கவனத்துக்குரியது. கேமில் குறை இருக்கிறது என்ற புகாரை மாவட்ட ஆணையம் விசாரிக்கலாம். 'பதிவிறக்கினால் பணமில்லை' என்ற நிபந்தனையே நியாயமற்ற ஒப்பந்தம், அதை ரத்து செய்ய வேண்டும் என்று கோருவதாயின், மாநில ஆணையத்தையே அணுக வேண்டும். ஒரு கேமின் விலைக்காக அந்த அளவுக்குச் செல்ல முன்வருவோர் அரிது.

சிறு தொகை என்பதால் ஆணையங்கள் புகாரைப் புறக்கணிப்பதில்லை. திரைப்படம் தொடங்குவதற்கு முன் நீண்ட நேரம் விளம்பரங்கள் திரையிட்டதாக எழுந்த புகாரில், பிவிஆர் ஐநாக்ஸ் நிறுவனம் இழப்பீடு வழங்குவதுடன் நுகர்வோர் நல நிதிக்கு ஒரு லட்சம் ரூபாய் செலுத்தவும் 2025 பிப்ரவரியில் பெங்களூரு ஆணையம் உத்தரவிட்டது. அடுத்த மாதமே கர்நாடக உயர் நீதிமன்றம் அந்த உத்தரவுக்கு இடைக்காலத் தடை விதித்தது. தனிநபர் புகாரை ஆணையம் பொதுநல வழக்கைப் போல நடத்தியிருக்கிறது என்பது நீதிமன்றத்தின் கருத்து. தன் இழப்புக்குத் தீர்வு கேட்பவருக்கு ஆணையம் உதவலாம். ஒரு துறையின் நடைமுறையையே மாற்றுவதற்கு அது ஏற்ற இடமன்று என்பதையே இவ்வழக்கு காட்டுகிறது.

கைக்கொள்ள வேண்டியவை

புகாரின் வலு ஆதாரங்களைப் பொறுத்தது. தானியங்கிப் பதிவிறக்கத்தை நிறுத்திவைத்தால், மனம் மாறும் வாய்ப்பு 14 நாள்களுக்குக் காக்கப்படும். கேம் நின்றுபோவதையோ சேமித்த விளையாட்டுப் பதிவு அழிவதையோ கன்சோலிலேயே காணொளியாகப் பதிவு செய்து வைக்கலாம். ரசீது, விற்பனைப் பக்கத்தின் படம், வாடிக்கையாளர் சேவையுடன் நடந்த உரையாடலின் நகல் ஆகியவையும் தேவைப்படும்.

கோரிக்கையில் 'பிடிக்கவில்லை' என்று எழுதுவதற்கும் 'விளம்பரப்படுத்திய வகையில் இயங்கவில்லை' என்று எழுதுவதற்கும் சட்டப்படி பெரும் வேறுபாடு உண்டு. வாடிக்கையாளர் சேவை மறுத்தால், குறைதீர்ப்பு அலுவலருக்கு எழுத்துப்பூர்வமாகப் புகார் அனுப்ப வேண்டும். அடுத்த படியாக, தமிழ், கன்னடம் உள்ளிட்ட 17 மொழிகளில் இயங்கும் தேசிய நுகர்வோர் உதவி மையத்தை 1915 என்ற எண்ணில் அழைக்கலாம்.

வங்கி வழியாகக் கட்டணத்தை முடக்கித் தொகையைத் திரும்பப் பெற முயல்வது ஆபத்தானது. அவ்வாறு செய்தால் கன்சோல் கணக்கே முடக்கப்படலாம்; அதில் வாங்கிய மற்ற கேம்களையும் இழக்க நேரிடும்.

நிரப்பப்பட வேண்டிய இடைவெளி

வீடியோ கேம் தொடர்பான அரசின் கவனம் அண்மைக் காலத்தில் பணம் வைத்து ஆடும் இணைய விளையாட்டுகள் மீதே குவிந்திருந்தது. 2025 ஆகஸ்டில் குடியரசுத் தலைவரின் ஒப்புதல் பெற்ற இணைய விளையாட்டுச் சட்டம் அவற்றைத் தடை செய்து, மின்விளையாட்டுப் போட்டிகளை ஊக்குவிக்கிறது. விலை கொடுத்து வாங்கிய கேம் இயங்காவிட்டால் என்ன தீர்வு என்பது அச்சட்டத்தின் எல்லைக்குள் வரவில்லை. 2023 நவம்பரில் வெளியான, நுகர்வோரை ஏமாற்றும் இணைய வடிவமைப்புகளுக்கு எதிரான வழிகாட்டுதல்கள் 13 நடைமுறைகளைப் பட்டியலிட்டாலும், டிஜிட்டல் பொருளுக்கான பணத்தைத் திருப்பித் தருவதற்கு அளவுகோல் வகுக்கவில்லை.

வெளிநாடுகளில் விவாதம் அடுத்த கட்டத்துக்குச் சென்றுவிட்டது. யுபிசாஃப்ட் நிறுவனம் 'தி க்ரூ' கேமின் சேவையகங்களை 2024 மார்ச் 31-ஆம் தேதி மூடியபோது, விலை கொடுத்து வாங்கியவர்களாலும் அதை இயக்க முடியாமல் போனது. விற்கப்படுவது உரிமம் மட்டுமே எனில் அதைத் தெளிவாகத் தெரிவிக்காமல் 'வாங்குக' என்ற சொல்லைப் பயன்படுத்தக் கூடாது என்னும் சட்டம், அமெரிக்காவின் கலிஃபோர்னியாவில் 2025 ஜனவரி 1 முதல் நடைமுறையில் உள்ளது.

இந்தியாவில் தேவைப்படுவது முற்றிலும் புதிய சட்டம் அன்று. குறைபாட்டுக்கான உரிமை பதிவிறக்கத்துடன் முடிவடைவதில்லை என்பதை மின்வணிக விதிகளில் ஒரு வரியாகச் சேர்த்தாலே நிலைமை தெளிவாகும். அதுவரை, சட்டத்தில் ஏற்கெனவே உள்ள உரிமையை ஒவ்வொரு வாங்குநரும் தனித்தனியே எடுத்துரைத்துப் போராடிப் பெற வேண்டிய நிலையே நீடிக்கும்.