பேசாத படத்தில் தமிழர்: இராஜா சாண்டோவை முன்வைத்து ஒரு கருத்துரை

செட்டிநாட்டுக் கொத்தமங்கலம் தமிழ்த் திரைக்குச் சுப்பு, சீனு என்னும் இரு பெயர்களின் முன்னொட்டாக அறிமுகமானது. ஊர்ப்பெயரைத் தாங்கி நிற்பது பேசும்படக் காலத்து வழக்கம். நாடக மேடையின் குரலும் பாட்டும் திரைக்கு வந்தபோது ஊரும் உடன் வந்தது. அவ்வூருக்கு அணித்தேயுள்ள புதுக்கோட்டையைச் சார்ந்த பி. கே. நாகலிங்கம், ஒரு தலைமுறை முன்னர், ஊரைத் துறந்து ‘இராஜா சாண்டோ’ ஆனார். யூஜென் சாண்டோ என்னும் ஐரோப்பியப் பயில்வானின் பெயர் அது. உடலே மொழியாக இருந்த கலைக்கு அப்பெயர் பொருந்திற்று.

ஊமைப்படம் அயலாரை ஏற்றது. சீன வழிவந்த அன்னா மே வாங் 1928இல் செருமனி சென்று ஐரோப்பியப் படங்களில் முதன்மை வேடங்கள் ஏற்றார். குசராத்தி முதலாளிகளின் பம்பாயில் சாண்டோ பெற்ற இடமும் அத்தகையதே. ‘டைப்பிஸ்ட் கேர்ள்’ (1926), ‘குணசுந்தரி’ (1927) ஆகிய சந்துலால் ஷா படங்களில் அவர் நடித்தார். ஆயினும் ஒரு வேறுபாடு உண்டு. வாங்கிற்கு அயற்றன்மையே வேடமாக வாய்த்தது. சாண்டோவோ பம்பாய் நகரத்துக் கணவனாகவும் காதலனாகவும் ஏற்கப்பட்டார். இவ்வேறுபாடு ஆய்வுக்குரியது.

நம் துறைகளோ தமிழ்த் திரை வரலாற்றை 1931இன் ‘காளிதாஸ்’ படத்திலிருந்து தொடங்கிவிடுகின்றன. பாடலும் வசனமும் கிடைத்தால்தான் தமிழாய்வு என்னும் எண்ணமே இதற்குக் காரணம். பம்பாய்ப் படங்கள் தமிழ்ப் படங்கள் அல்ல என்பது நியாயமான மறுப்பே. ஆனால் சாண்டோ சென்னைக்கு மீண்டு, இரா. பத்மநாபனின் அசோசியேட்டட் பிலிம்ஸ் நிறுவனத்துக்குப் ‘பேயும் பெண்ணும்’ (1930), வை. மு. கோதைநாயகி அம்மாளின் புதினத்தைத் தழுவிய ‘அனாதைப் பெண்’ (1931) ஆகியவற்றை இயக்கினார். தமிழ்ப் புதினம் ஒன்று தமிழ் ஒலியின்றித் திரைக்கு வந்த நிகழ்வு அது. புதின வரலாற்றை எழுதுவோர் அதனை அடிக்குறிப்பாகவே விட்டுவிடுகின்றனர். பின்னர் ‘மேனகா’ (1935), ‘திருநீலகண்டர்’ (1939) ஆகிய பேசும்படங்களையும் அவரே இயக்கினார். சமூகப் படம் என்னும் வகையை அவர் கற்றது பம்பாயில் என்பதே என் கருத்து. ‘குணசுந்தரி’யின் குடும்பச் சிக்கலுக்கும் ‘மேனகா’வுக்கும் உள்ள உறவை வடுவூரார் புதினத்தின் வழியாக மட்டும் விளக்க இயலாது.

ஊமைப்படங்களுள் பெரும்பாலானவை அழிந்தன. எனினும் அக்கால இதழ் விளம்பரங்கள் உள. தி. இரங்காச்சாரியார் தலைமையில் 1927–28இல் செயற்பட்ட திரைப்பட விசாரணைக் குழுவின் சாட்சியத் தொகுதிகளும் உள. தலைவர் தமிழர் என்பதற்காகவேனும் அவற்றை நாம் புரட்டியிருக்கலாம்! குசராத்தி அறிந்த ஆய்வாளர் ஒருவரோடு தமிழாய்வாளர் இணைந்து, பம்பாய் இதழ்களில் சாண்டோ பற்றிய குறிப்புகளை ஆண்டுவாரியாகத் தொகுப்பது ஒரு முனைவர்ப்பட்ட ஆய்வுக்குப் போதிய களம். பாடல் வரிகளை மீண்டும் மீண்டும் வகைப்படுத்தும் தலைப்புகளுக்குப் பதிலாக இதனை நெறியாளர்கள் வழங்கலாம்.