ஒரே வீடு, இரண்டு பள்ளி மாவட்டம்: சிலிக்கான் பள்ளத்தாக்கின் உயர்நிலைப் பள்ளிகள் யார் கையில்?

கலிஃபோர்னியாவின் சன்னிவேலிலோ குப்பர்டினோவிலோ வீடு தேடும் குடும்பங்கள் வாடகையைக் கேட்பதற்கு முன்பே ஒன்றைக் கேட்டுவிடும். "இந்த முகவரிக்கு எந்த ஹைஸ்கூல்?" தெருவின் இந்தப் பக்கம் ஒரு பள்ளி, அந்தப் பக்கம் வேறொரு பள்ளி. அந்த ஒரு கோட்டினால் வாடகையும் மாறும், வீட்டின் விலையும் மாறும். கணினித் துறை வேலைக்காக அங்கே குடியேறிய தமிழ்க் குடும்பங்களுக்கும், நம் சமுதாயத்துப் பிள்ளைகளுக்கும் இது பழகிப்போன கேள்வி.

ஆனால் அந்தக் கோட்டைப் போட்டது யார், அந்தப் பள்ளிகளை நடத்துவது யார், பணம் எங்கிருந்து வருகிறது என்று கேட்பவர்கள் குறைவு. பிள்ளைகளின் பெருநாள் விடுப்பு, தொழுகைக்கான இடம், பாடநூல் போன்ற விஷயங்களில் முடிவு எடுக்கப்படும் இடமும் அதுவே என்பதால் இதை நாம் விளங்கிக்கொள்வது அவசியம்.

கலெக்டர் இல்லாத மாவட்டம்

'ஸ்கூல் டிஸ்ட்ரிக்ட்' என்பதைப் பள்ளி மாவட்டம் என்று சொன்னதும் நமக்குக் கலெக்டர் அலுவலகமும் மாவட்டக் கல்வி அலுவலரும் நினைவுக்கு வருவார்கள். அமெரிக்காவில் அப்படி இல்லை. அங்கே பள்ளி மாவட்டம் என்பது பள்ளிகளை நடத்துவதற்காக மட்டுமே அமைந்த ஒரு தனி உள்ளாட்சி அமைப்பு. அதற்கென்று எல்லை உண்டு, மக்கள் தேர்ந்தெடுக்கும் வாரியம் உண்டு, சொந்த நிலமும் சொந்த வரவு செலவும் உண்டு. நகராட்சி மேயருக்குப் பெரும்பாலான ஊர்களில் இதில் அதிகாரம் கிடையாது.

அமெரிக்க அரசியல் சாசனத்தில் கல்வி என்ற சொல்லே இல்லை. அது மாநிலங்களின் பொறுப்பு. மாநிலங்கள் அதை ஊர்களிடம் விட்டன. மாசசூசெட்ஸ் குடியேற்றத்தில் 1647 ஆம் ஆண்டிலேயே, 50 குடும்பங்கள் உள்ள ஊர் ஓர் ஆசிரியரை வைக்க வேண்டும் என்று சட்டம் போட்டார்கள். ஊரே பள்ளியை நடத்துவது என்ற பழக்கம் அங்கிருந்து வளர்ந்தது. 1930களின் தொடக்கத்தில் நாடு முழுவதும் ஒரு லட்சத்துக்கும் அதிகமான பள்ளி மாவட்டங்கள் இருந்தன. இணைப்புகளுக்குப் பிறகு இன்று சுமார் 13,000.

உயர்நிலைப் பள்ளி பின்னால் வந்த கதை

தொடக்கக் கல்விக்கு வரி கொடுக்க மக்கள் சம்மதித்தார்கள். உயர்நிலைப் பள்ளிக்கு அவ்வளவு எளிதில் சம்மதிக்கவில்லை. வசதியானவர் வீட்டுப் பிள்ளைகள் படிப்பதற்கு நாங்கள் ஏன் வரி கட்ட வேண்டும் என்று கேட்டார்கள். மிச்சிகன் மாநிலத்தின் கலமசூ ஊரில் இந்தக் கேள்வி நீதிமன்றம் வரை போனது. உயர்நிலைப் பள்ளிக்கும் பொது வரியைச் செலவிடலாம் என்று 1874 இல் மிச்சிகன் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மற்ற மாநிலங்களுக்கும் அது முன்மாதிரி ஆனது.

கலிஃபோர்னியாவில் 1879 அரசியல் சட்டம் மாநிலப் பள்ளி நிதியைத் தொடக்க, நடுநிலை வகுப்புகளுக்கு மட்டுமே ஒதுக்கியது. சிறு கிராமங்கள் தனியாக உயர்நிலைப் பள்ளி கட்ட முடியவில்லை. பல தொடக்கப் பள்ளி மாவட்டங்கள் ஒன்றுகூடி ஒரு பொது உயர்நிலைப் பள்ளியை நடத்த 1891 இல் வந்த சட்டம் வழி திறந்தது. இத்தகைய மாவட்டங்களின் பெயரில் இன்றும் ஒட்டிக்கொண்டிருக்கும் 'யூனியன்' என்ற சொல் இப்படி வந்ததுதான். அது தொழிற்சங்கத்தைக் குறிக்கவில்லை.

இன்று கலிஃபோர்னியாவில் ஆயிரத்துக்குச் சற்றுக் குறைவான பள்ளி மாவட்டங்கள் உள்ளன. அவற்றில் பல, மழலையர் வகுப்பு முதல் 12 வரை எல்லாவற்றையும் நடத்தும் ஒருங்கிணைந்த மாவட்டங்கள். எழுபதுக்கு மேற்பட்டவை 9 முதல் 12 வரையுள்ள வகுப்புகளை மட்டும் நடத்தும் உயர்நிலைப் பள்ளி மாவட்டங்கள்.

பழத்தோட்டத்தில் பிறந்த மாவட்டம்

ஃபிரீமான்ட் யூனியன் உயர்நிலைப் பள்ளி மாவட்டம் இதற்கு நல்ல உதாரணம். பெயரைப் பார்த்து அலமேடா கவுண்டியில் உள்ள ஃபிரீமான்ட் நகரம் என்று நினைத்துவிட வேண்டாம். இது சாண்டா கிளாரா கவுண்டியில், குப்பர்டினோ, சன்னிவேலின் பெரும்பகுதி, சான் ஹோசேயின் ஒரு பகுதி ஆகியவற்றை உள்ளடக்கியது. 1923 இல் இது தொடங்கியபோது சிலிக்கான் பள்ளத்தாக்கு என்ற பெயரே இல்லை. ஆப்ரிகாட், பிளம், செர்ரி என எங்கும் பழத்தோட்டங்கள். அந்தத் தோட்டக் கிராமங்களின் பிள்ளைகளுக்காக எழுந்த முதல் பள்ளி சன்னிவேலில் உள்ள ஃபிரீமான்ட் உயர்நிலைப் பள்ளி.

இரண்டாம் உலகப் போருக்குப் பின் மின்னணுத் தொழிலும் பாதுகாப்புத் தொழிலும் வந்தன. தோட்டங்கள் வீட்டுமனைகள் ஆயின. குப்பர்டினோ (1958), ஹோம்ஸ்டெட் (1962), லின்புரூக் (1965), மான்டா விஸ்டா (1969) என்று பள்ளிகள் அடுத்தடுத்து எழுந்தன. ஆப்பிள் நிறுவனத்தை உருவாக்கிய ஸ்டீவ் ஜாப்ஸும் ஸ்டீவ் வாஸ்னியாக்கும் இந்த மாவட்டத்தின் ஹோம்ஸ்டெட் பள்ளியில் படித்தவர்களே.

வளர்ச்சி என்றைக்கும் ஒரே திசையில் போவதில்லை. 1956 இல் திறந்த சன்னிவேல் உயர்நிலைப் பள்ளி, மாணவர் எண்ணிக்கை குறைந்ததால் 1981 இல் மூடப்பட்டது. அந்த வளாகத்தில் இன்று ஒரு தனியார் கிறிஸ்தவப் பள்ளி இயங்குகிறது.

பணம் வரும் வழி

கலிஃபோர்னியாவில் பள்ளிகளின் நிதி சொத்து வரியோடு பின்னிப் பிணைந்தது. 1971 இல் செரானோ வழக்கில் மாநில உச்ச நீதிமன்றம், ஊரின் செல்வத்தைப் பொறுத்துப் பிள்ளையின் கல்வி அமைவது சமத்துவத்துக்கு முரணானது என்றது. 1978 இல் மக்கள் வாக்கெடுப்பில் வென்ற 'முன்மொழிவு 13' சொத்து வரியை மதிப்பில் ஒரு சதவீதமாகக் கட்டிப்போட்டது. வீடு கைமாறாத வரை அந்த மதிப்பு ஆண்டுக்கு இரண்டு சதவீதத்துக்கு மேல் உயரக் கூடாது என்றும் சொன்னது. பள்ளி நிதியைப் பங்கிடும் பொறுப்பு பெருமளவு மாநிலத்தின் கைக்குப் போனது.

மாநிலம் ஒவ்வொரு மாவட்டத்துக்கும் மாணவர் எண்ணிக்கையை வைத்து ஒரு தொகையைக் கணக்கிடுகிறது. உள்ளூர்ச் சொத்து வரி அதற்குக் குறைவாக இருந்தால் மீதியை மாநிலம் நிரப்பும். சொத்து வரியே அந்தத் தொகையைத் தாண்டிவிட்டால் மிகுதியை மாவட்டமே வைத்துக்கொள்ளலாம். ஃபிரீமான்ட் யூனியன் இந்த இரண்டாம் வகை. அங்கே மாணவர் குறைந்தாலும் வருமானம் அதனால் குறையாது. ஒரு பிள்ளைக்குக் கிடைக்கும் தொகை கூடத்தான் செய்யும்.

அதே வீட்டின் சிறிய பிள்ளை படிக்கும் தொடக்கப் பள்ளியோ வேறொரு மாவட்டத்தைச் சேர்ந்தது. குப்பர்டினோ யூனியன் தொடக்கப் பள்ளி மாவட்டத்துக்கு மாணவர் எண்ணிக்கைப்படியே நிதி வந்துகொண்டிருந்தது. வீட்டு விலை எட்டாத உயரத்துக்குப் போனதால் இளம் குடும்பங்கள் வெளியேற, பிள்ளைகள் குறைந்தார்கள், பணமும் குறைந்தது. 2021 இல் அந்த வாரியம் சில தொடக்கப் பள்ளிகளை மூட முடிவெடுத்தது. ஒரே வீடு, அண்ணனின் மாவட்டத்துக்கு நிதி உறுதி, தம்பியின் மாவட்டத்தில் பள்ளிக்கே பூட்டு. 1891 ஏற்பாட்டின் நிழல் இன்றும் நீள்கிறது.

இந்த நிலை உயர்நிலைப் பள்ளிகளுக்கும் ஓர் எச்சரிக்கை. இன்று தொடக்கப் பள்ளியில் இல்லாத பிள்ளை சில ஆண்டுகளில் உயர்நிலைப் பள்ளியிலும் இருக்கப்போவதில்லை. ஒரு காலத்தில் 10,000 மாணவர்களைத் தாண்டிய ஃபிரீமான்ட் யூனியனிலும் எண்ணிக்கை சரிந்து வருகிறது. பணம் இருந்தாலும் ஒரு பள்ளியில் மாணவர் குறைந்தால் பாடத் தெரிவுகள் குறையும். எல்லைக் கோட்டை மாற்றலாமா என்ற பேச்சு எழும். வீட்டின் விலையே அந்தக் கோட்டில் தொங்கும்போது அந்தப் பேச்சு எவ்வளவு சூடாகும் என்று சொல்லத் தேவையில்லை.

ஐந்து பேர் கையில்

இந்த மாவட்டத்தை ஆள்வது ஐந்து உறுப்பினர் வாரியம். பதவிக்காலம் நான்கு ஆண்டுகள். வாரியம் ஒரு கண்காணிப்பாளரை நியமிக்கிறது. அவர் நிர்வாகத்தை நடத்துகிறார். வரவு செலவு, எல்லைக் கோடு, நாட்காட்டி, ஆசிரியர் ஒப்பந்தம் எல்லாம் வாரியத்தின் வாக்கில் முடிவாகும். கட்டடத்துக்குக் கடன் பத்திரம் வெளியிட வாக்காளர்களில் 55 சதவீதம் பேர் ஒப்புதல் தர வேண்டும். ஒரு மனைக்கு இவ்வளவு என்று விதிக்கும் தனி வரிக்கு மூன்றில் இரண்டு பங்கு வேண்டும்.

வாரியத் தேர்தலில் வாக்களிக்கப் பொதுவாகக் குடியுரிமை தேவை. விசாவில் இருக்கும் குடும்பங்கள் இதனால் 'நமக்கு என்ன' என்று ஒதுங்கிவிடுகின்றன. அது சரியல்ல. 1953 இன் பிரவுன் சட்டப்படி வாரியக் கூட்டங்கள் பொதுமக்களுக்குத் திறந்தவை. வழக்கமான கூட்டத்தின் நிகழ்ச்சி நிரல் 72 மணி நேரம் முன்பே வெளியிடப்பட வேண்டும். யாரும் எழுந்து பேசலாம், குடியுரிமை கேட்க மாட்டார்கள். மாவட்டம் ஆண்டுதோறும் தயாரிக்கும் நிதி, பொறுப்புடைமைத் திட்டத்துக்கும் மக்கள் கருத்துக் கேட்பது கட்டாயம். குடியேற்ற நிலையைக் காட்டிப் பிள்ளைக்கு இலவசப் பொதுக்கல்வியை மறுக்க முடியாது என்று 1982 இல் பிளைலர் வழக்கில் நாட்டின் உச்ச நீதிமன்றம் சொன்னது இன்றும் நிற்கிறது.

நம் பிள்ளைகளுக்கு என்ன இருக்கிறது?

சாண்டா கிளாராவில் பெரிய பள்ளிவாசலும் இஸ்லாமியப் பள்ளிக்கூடமும் உள்ளன. அந்தப் பள்ளிக்கூடம் எட்டாம் வகுப்போடு முடிகிறது. அதன்பின் பிள்ளைகளில் பலர் வந்து சேர்வது இந்தப் பொது உயர்நிலைப் பள்ளிகளில்தான். பிள்ளை தன் அடையாளத்தைப் பற்றிக் கேள்வி கேட்கத் தொடங்கும் அந்த வயதில் சட்டம் தரும் உரிமைகள் பெற்றோருக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

முதலாவது, பெருநாள். கலிஃபோர்னியக் கல்விச் சட்டப்படி மதப் பண்டிகைக்காக எடுக்கும் விடுப்பு ஏற்கத்தக்க விடுப்பு. தவறிய பாடத்தையும் தேர்வையும் பின்னர் முடிக்க வாய்ப்புத் தர வேண்டும். ஆனால் பள்ளிக்கே விடுமுறை விடுவது வாரியத்தின் முடிவு. நியூயார்க் நகரம் 2015 இல் இரு பெருநாட்களையும் பள்ளி நாட்காட்டியில் சேர்த்தது. பல ஆண்டுகள் பெற்றோரும் அமைப்புகளும் விடாமல் கேட்டதன் பலன் அது.

இரண்டாவது, தொழுகையும் மாணவர் மன்றமும். 1984 இன் சம அணுகல் சட்டம் உயர்நிலைப் பள்ளிகளுக்காகவே வந்தது. பாடம் சாராத எந்த ஒரு மாணவர் மன்றத்துக்கும் பள்ளி இடம் தந்தால், மத மன்றத்துக்கும் தர வேண்டும். மாணவர்களே தொடங்க வேண்டும், பாட நேரத்தில் நடத்தக் கூடாது, ஆசிரியர் வழிநடத்தக் கூடாது. முஸ்லிம் மாணவர் சங்கங்கள் மதிய இடைவேளையில் கூடுவது இந்தச் சட்டத்தின் பலத்தில். அன்று இதற்காக முன்னின்றவர்கள் கிறிஸ்தவ அமைப்புகள். ஒருவருக்குக் கிடைத்த உரிமை எல்லோருக்கும் உரிமையானது.

மூன்றாவது, பாடப் பொருள். மேரிலாந்தின் மான்ட்கோமரி கவுண்டியில் முஸ்லிம், கத்தோலிக்க, ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவப் பெற்றோர் சேர்ந்து, தொடக்க வகுப்புகளில் தன்பாலின, பாலின அடையாளக் கருப்பொருள் கொண்ட கதைப் புத்தகங்கள் வாசிக்கப்படும்போது தம் பிள்ளைகளுக்கு விலக்கு கேட்டனர். வாரியம் மறுத்தது. 2025 ஜூன் மாதம் உச்ச நீதிமன்றம் 6-3 என்ற கணக்கில், வழக்கு முடியும் வரை பெற்றோருக்கு அந்த விலக்கைத் தர வேண்டும் என்றது. இந்தத் தீர்ப்பை வரவேற்பவர்களும் அஞ்சுபவர்களும் உண்டு. விலக்கு என்ற வாசலை நாளை யாரும் எதற்கும் பயன்படுத்தலாம், இஸ்லாத்தைப் பற்றிய பாடத்திலிருந்து தன் பிள்ளைக்கு விலக்கு கேட்பவர் உட்பட. அதையும் நாம் யோசிக்க வேண்டும்.

நீதிமன்றம் கடைசி வாசல்

இந்த மூன்றையும் சேர்த்துப் பார்த்தால் ஓர் உண்மை தெரிகிறது. வழக்கு வரை போனது உள்ளூர் வாரியத்தோடு பேச்சு முறிந்தபோது. அதற்கு முன் எத்தனையோ கூட்டங்கள், கடிதங்கள், வாக்குகள் இருந்தன. கூட்டத்தில் காலி நாற்காலிகள் இருக்கும் இரவில்தான் பல முடிவுகள் சத்தமின்றி நிறைவேறுகின்றன.

இது நம் ஊருக்கும் பொருந்தும். கல்வி உரிமைச் சட்டம் 2009 இன் கீழ் அமைந்த பள்ளி மேலாண்மைக் குழுவில் நான்கில் மூன்று பங்கு பெற்றோர், பாதிப் பேர் பெண்கள் இருக்க வேண்டும். அமெரிக்க வாரியத்தின் அதிகாரம் அதற்கு இல்லை. ஆனால் நம் தெருவின் அரசுப் பள்ளியில் அந்தக் குழு எப்போது கூடியது, நம் வீட்டுத் தாய்மார்களில் யார் அதில் இருக்கிறார்கள் என்று நாம் கேட்டதுண்டா?

நூறு ஆண்டுகளுக்கு முன் தோட்டக்காரர்கள் சேர்ந்து ஒரு பள்ளியைக் கட்டினார்கள். அவர்களின் பேரப்பிள்ளைகள் இன்று அங்கே குறைவு. ஆசியாவின் நான்கு மூலைகளிலிருந்தும் வந்தவர்களின் பிள்ளைகள் அந்த வகுப்பறைகளில் உட்கார்ந்திருக்கிறார்கள். கட்டியவர்கள் விட்டுச்சென்ற கூட்ட அறையில் மூன்றாவது வரிசையில் போய் உட்காரும் பொறுப்பு இப்போது இந்தப் பெற்றோருடையது. அடுத்த கூட்டத்தின் நிகழ்ச்சி நிரலை ஒரு முறை திறந்து படிப்பதிலிருந்து தொடங்கலாம், இன்ஷா அல்லாஹ்.