ஒட்டுவது எளிது

ஜப்பானின் ஹகோனே மலையில், பழைய தொக்கைதோ சாலையோரம் ஹதாஜுகு என்றொரு சிற்றூர். எடோ காலத்தின் பிற்பகுதியில் இஷிகாவா நிஹெய் இங்கே தொடங்கிவைத்த, பல நிற மரத்துண்டுகளை ஒட்டிக் கோலம் அமைக்கும் ‘யோசெகி’ மரவேலையை 1984இல் அரசு மரபுக் கைவினையாக அங்கீகரித்தது. சாயம் கிடையாது, வெள்ளை, மஞ்சள், பழுப்பு எல்லாம் அந்தந்த மரத்தின் சொந்த நிறம். சுற்றுலா வருகிறவர்களுக்கும் இங்கே பட்டறைகள் உண்டு. முன்பே அறுத்துவைத்த துண்டுகளைத் தருவார்கள். பசை தடவிச் சேர்த்து ஒட்டினால், கோப்பைக்கு அடியில் வைக்கும் தட்டு தயார். உடனே ‘நானே செய்தது’ என்று படம் போடுகிறோம். கொஞ்சம் அதிகம்தான். வித்தை முழுக்க ஒட்டுவதற்கு முன்னும் பின்னும் இருக்கிறது. அறுக்கும் கோணம் இம்மி பிசகினாலும் இடைவெளி பல்லிளிக்கும். ஒட்டிய கட்டையை இழைப்புளியால் சீவி, மெல்லிய ஏடுகளாக எடுத்துப் பெட்டிகள்மேல் பதிக்கிறார்கள். (நம் தச்சர்கள் இழைப்புளியைத் தள்ளுவார்கள், ஜப்பானியர்கள் தம் பக்கம் இழுப்பார்கள்.) என்னைக் கேட்டால், அந்தச் சீவலை அரை மணி நேரம் உட்கார்ந்து பார்ப்பதற்கே கட்டணம் வாங்கலாம். அதற்காகப் பட்டறையே வீண் என்று சொல்ல மாட்டேன். துண்டுகளோடு ஒருமுறை மல்லுக்கட்டியவருக்கு, பல பலகைகளைச் சரியான வரிசையில் நகர்த்தினால்தான் திறக்கும் ரகசியப் பெட்டியின் விலையைக் கேட்டு, பேரம் பேச வாய் வராது.